தேயிலைத் தோட்ட லயத்திலிருந்து பெயர் மாற்றக் கிளம்பும் முன்

திருநங்கை, திருநம்பிகளான நாம் அரசுக் காகிதங்களில் பெயரையும் பாலினத்தையும் மாற்ற வேண்டுமா? முதலில் உளநல மருத்துவர். இலங்கைச் சுகாதார அமைச்சின் 2016ஆம் ஆண்டுச் சுற்றறிக்கைப்படி பாலின அங்கீகாரச் சான்றிதழில் கையெழுத்திடுபவர் அவர்தான். அது கையில் வந்த பிறகுதான் பிறப்புச் சான்றிதழைத் திருத்த முடியும், அடையாள அட்டை அதற்கும் அப்புறம். ஹட்டனிலிருந்து கொழும்புக்கு பஸ் ஏறினால் ஒரு நாள் கூலி போச்சு, அதனால் படிவங்களைச் சிங்களம் வாசிக்கத் தெரிந்த ஒருவரிடம் முன்பே காட்டிவிடுங்கள்.

சரி, கொழும்பிலுள்ள எல்ஜிபிடிகியூ (தன்பாலின, மாற்றுப்பாலின மக்களுக்கான) அமைப்புகளை நாடலாமா? தாராளமாக. ஆனால் தன்பாலின உறவைக் குற்றமாக்கும் தண்டனைச் சட்டக்கோவையின் 365, 365ஏ பிரிவுகள்தான் அவர்களுடைய பெரிய சண்டை, திருநங்கை, திருநம்பிகளான நமக்கோ முதலில் காகிதம். (ரோட்டில் மறிக்கும் பொலிஸ்காரர் இந்த வித்தியாசமெல்லாம் பார்ப்பதில்லை, அது வேறு கதை.) தமிழில் பேச ஆள் இருக்கிறாரா என்று முதல் அழைப்பிலேயே கேளுங்கள், கூச்சப்பட வேண்டாம்.