தீர்ப்பாய உத்தரவை இலாகா கிடப்பில் போட்டால்

மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் (CAT) வழக்கு ஜெயித்தாகிவிட்டது, எட்டு வாரத்தில் முடிவெடுக்கச் சொல்லி உத்தரவும் கையில் இருக்கிறது, ஆனால் இலாகா அசையவே இல்லை. உடனே அவமதிப்பு வழக்குப் போடச் சொல்லி ஆளாளுக்கு யோசனை சொல்வார்கள். போடலாம், உயர் நீதிமன்றத்துக்கு உள்ள அதே அதிகாரத்தை 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 17-வது பிரிவு இந்தத் தீர்ப்பாயத்துக்கும் தந்திருக்கிறது. அதற்கு முன்னால் உத்தரவின் கடைசிப் பத்தியை நிதானமாகப் படியுங்கள்.

பதவி உயர்வோ நிலுவையோ ‘வழங்க வேண்டும்’ என்று இருந்தால் உங்கள் நிலை பலமானது. ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று மட்டும் இருந்தால், உங்கள் மனுவைப் பார்த்து நிராகரித்து ஒரு கடிதம் அனுப்பினாலே இலாகா தப்பித்துவிடும். அந்தக் கடிதம் தப்பும் தவறுமாக இருந்தாலும் அதை எதிர்த்துப் புது வழக்குதான் போட வேண்டும், அவமதிப்பில் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1996-லேயே பரிஹார் வழக்கில் சொல்லிவிட்டது. அவமதிப்பு நோட்டீஸ் போன கையோடு, அதுவரை தூங்கிய ஃபைல் எழுந்து ‘விதிகளில் இடமில்லை’ என்று இரண்டு வரியில் பதில் வருவது வழக்கமான கதை.

சரி, என்ன செய்வது? உத்தரவின் சான்றிட்ட நகலை ஒரு முகப்புக் கடிதத்தோடு இலாகாவுக்கு ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, சேர்ந்ததற்கான அத்தாட்சியைப் பத்திரப்படுத்துங்கள், ஏனென்றால் பெரும்பாலான உத்தரவுகளில் நகல் கிடைத்த நாளிலிருந்துதான் கெடு ஓட ஆரம்பிக்கும். கெடு முடிந்ததும் ஒரு நினைவூட்டல். அதற்கும் பதில் இல்லையென்றால், பதவியை மட்டும் எழுதாமல் அப்போது அந்த நாற்காலியில் இருக்கும் அதிகாரியின் பெயரையும் போட்டு அவமதிப்பு மனு. கெடு தாண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் இதைச் செய்துவிட வேண்டும். அதே சட்டத்தின் 27-வது பிரிவின் கீழ் உத்தரவை நிறைவேற்றக் கோரியும் மனு போடலாம், ஆனால் அதற்கும் உத்தரவு இறுதியான நாளிலிருந்து ஓராண்டுதான் கெடு என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டிருக்கிறோம் என்று இலாகா சொன்னால், தடை வாங்கினார்களா என்று கேளுங்கள். ரிட் போட்டதே தடை ஆகிவிடாது. அப்புறம், அதிகாரி ஜெயிலுக்குப் போவார் என்றெல்லாம் எதிர்பார்க்க வேண்டாம். உச்சபட்சத் தண்டனை ஆறு மாதம், அபராதம் 2,000 ரூபாய் வரை. மன்னிப்புக் கேட்டு உத்தரவை நிறைவேற்றினால் பெரும்பாலும் அதோடு முடிந்துவிடும், உங்களுக்கு வேண்டியதும் அதுதானே.

தீர்ப்பாயமே தாமதித்தால் கதை வேறு, அங்கே அவமதிப்புக்கு வேலையே இல்லை. விசாரணைக்கு வராமல் கிடந்தால், ஓய்வு நெருங்குவது, உடல்நிலை போன்ற காரணத்தை ஆவணத்தோடு காட்டி முன்கூட்டி விசாரிக்க மனு போடுங்கள். வாதம் முடிந்து தீர்ப்பு ஒத்திவைக்கப்பட்டு மாதக்கணக்கானால், 2001-இல் அனில் ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றங்களுக்குச் சொன்னதை எடுத்துக்காட்டலாம்: மூன்று மாதம் தாண்டினால் சீக்கிரம் தீர்ப்புக் கேட்டு மனு, ஆறு மாதம் தாண்டினால் வேறு அமர்வுக்கு மாற்றக் கோரிக்கை. அதுவும் பலிக்காவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட். அதில் வழக்கின் நியாயத்தையெல்லாம் இழுக்காமல், இத்தனை வாரத்துக்குள் முடித்து வையுங்கள் என்று மட்டும் கேளுங்கள்.