முகம் காட்ட முடியாதவரைப் பேட்டி எடுப்பது எப்படி?

தொலைக்காட்சிச் செய்திக்குப் புதிதாக வரும் தம்பி தங்கைகளிடம் முதலில் இதைத்தான் சொல்வேன்: ஞாயிற்றுக்கிழமை மாலை கேமரா இல்லாமல், சிங்கப்பூரின் லிட்டில் இந்தியா வட்டாரத்தில் இருக்கும் தேக்காவுக்குப் போங்கள். ரேஸ் கோர்ஸ் சாலைப் பக்கம் உட்கார்ந்திருக்கும் வெளிநாட்டு ஊழியர்களிடம் ஊர் கேளுங்கள். புதுக்கோட்டை என்றால், புதுக்கோட்டையில் எங்கே என்று கேளுங்கள். எடுத்த எடுப்பில் சம்பளத்தை விசாரிக்காதீர்கள். மூன்றாவது ஞாயிறு அவர்களே சொல்வார்கள்.

லாரிப் பயணம் பற்றிய செய்தி எனக்கு அப்படித்தான் கிடைத்தது. சிங்கப்பூரில் சரக்கு வண்டியின் பின்னால் ஆள் ஏற்றக் கூடாது என்பது பொது விதி. வேலைக்குப் போகும் ஊழியர்களுக்கு மட்டும் நிபந்தனைகளோடு விலக்கு உண்டு. “வேலை முடிந்து ஏறியதும் தூங்கிவிடுவேன் அக்கா. கம்பியைப் பிடித்த கை நழுவிவிடுமோ என்றுதான் பயம்” என்றார் ஒருவர்.

இனிதான் கவனம் வேண்டும். அவருடைய வேலை அனுமதி குறிப்பிட்ட ஒரு முதலாளியிடம் வேலை செய்வதற்கானது. அந்த வேலை போனால் இங்கே தங்குவதே சிக்கலாகிவிடும். ஆகவே எந்த நாள், எத்தனை மணிக்கு ஒளிபரப்பாகும், யார் யார் பார்க்கக்கூடும் என்பதையெல்லாம் சொல்லி, யோசிக்க ஒரு நாள் கொடுத்து, பிறகு சம்மதம் கேளுங்கள். நான் அந்த முறை முகத்தை மங்கலாக்கினேன், குரலையும் மாற்றினேன். தலைக்கவசத்தில் ஒட்டியிருந்த நிறுவனச் சின்னத்தைக் கவனிக்கவில்லை. மறுநாள் மேலாளர் அவரைக் கூப்பிட்டு விசாரித்திருக்கிறார். வேலை போகவில்லை. ஆனால் அதன்பிறகு அவர் என் தொலைபேசி அழைப்பை எடுக்கவில்லை. இன்றும் அது என்னை உறுத்துகிறது.

அதிலிருந்து படத்தை ஒலியில்லாமல் ஒருமுறை முழுவதும் ஓடவிட்டுப் பார்க்கிறேன். மேலங்கியின் முதுகெழுத்து, வண்டி எண், விடுதி வாசல், கழுத்தில் தொங்கும் அட்டை, கையில் இருக்கும் தழும்பு. முகத்துக்குப் பதில் கையைக் காட்டுவது நம் வழக்கம். கையும் ஆளைக் காட்டிக்கொடுக்கும்.

எழுதும்போது சிக்கனம் தேவை. ஒன்றரை நிமிடச் செய்தியில் என் குரலுக்கு நூறு சொல்தான் வைத்துக்கொள்வேன். மிச்சம் அவர் பேசுவதற்கு.

அரசாங்கத்தின் பதிலையும் அதே அக்கறையோடு தேடுங்கள். நாடாளுமன்றத்தில் தமிழிலும் பேசலாம் என்றாலும், அமைச்சரின் பதில் பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான் வரும். அதிகாரபூர்வ உரைப்பதிவை வைத்துக்கொண்டு மொழிபெயருங்கள். ‘ஆராய்வோம்’ என்றவரை ‘செய்வோம்’ என்று சொன்னதாக எழுதிவிட்டால், லாரியில் போகிறவர் அதை நம்பி வீட்டுக்குத் தொலைபேசியில் சொல்லிவிடுவார்.

ஒளிபரப்பு முடிந்த இரவே பேட்டி கொடுத்தவரை அழையுங்கள். யாராவது ஏதாவது கேட்டார்களா என்று விசாரியுங்கள். அடுத்த வாரமும் அழையுங்கள்.