ஸ்மியர் ரிப்போர்ட்டில் சிவப்பணுவின் வடிவத்தைப் படிப்பது எப்படி

தாராவி, மாட்டுங்கா பக்கம் நம்மவர்கள் பலர் ஹீமோகுளோபின் எண்ணை மட்டும் பார்த்துவிட்டு ரிப்போர்ட்டை மடித்து வைத்துவிடுகிறார்கள். கீழே 'பெரிபெரல் ஸ்மியர்' (ரத்தத்தைக் கண்ணாடியில் தடவி மைக்ரோஸ்கோப்பில் பார்த்தது) என்று இரண்டு வரி இருந்தால் அதையும் படியுங்கள்.

நல்ல சிவப்பணு இருபக்கமும் நடுவில் குழிந்த தட்டு மாதிரி, 7-8 மைக்ரான் அகலம் இருக்கும். 'மைக்ரோசைட்டிக் ஹைப்போகுரோமிக்' என்றால் அணுக்கள் சிறுத்து வெளுத்திருக்கின்றன என்று அர்த்தம். பெரும்பாலும் இரும்புச்சத்துக் குறைவுதான், ஆனால் தலசீமியா (ஹீமோகுளோபின் சரியாக உருவாகாத பரம்பரை ரத்த நோய்) மரபணுவைச் சுமப்பவருக்கும் இப்படியே தெரியும், அதனால் தயவுசெய்து நீங்களாகவே மாசக்கணக்கில் இரும்பு மாத்திரை விழுங்காதீர்கள். ரிப்போர்ட்டில் எம்சிவி (சிவப்பணுவின் சராசரி அளவு) எண்ணை ஆர்பிசி (சிவப்பணு எண்ணிக்கை) எண்ணால் வகுத்துப் பாருங்கள். எம்சிவி 64, ஆர்பிசி 5.6 மில்லியன் என்றால் விடை 11.4. 13-க்குக் கீழே வந்தால் தலசீமியா சந்தேகம், மேலே போனால் இரும்புக் குறைவு. இது குறிப்பு மட்டும்தான், ஃபெரிட்டினும் (உடம்பில் இரும்புச் சேமிப்பைக் காட்டும் டெஸ்ட்) ஹெச்பி ஏ2-வும் (ஹீமோகுளோபினில் ஒரு வகையின் அளவு) பார்த்துத்தான் டாக்டர் உறுதி செய்வார். கல்யாணம் பேசுகிற வீட்டில் இதைக் கட்டாயம் பாருங்கள்: இருவரும் பீட்டா தலசீமியா மரபணுவைச் சுமந்தால் ஒவ்வொரு பிள்ளைக்கும் கடுமையான நோய் வர 25% வாய்ப்பு.

அணுக்கள் பெருத்து முட்டை வடிவில் இருந்தால் பி12 அல்லது ஃபோலேட் குறைவாக இருக்கலாம். 'டார்கெட் செல்', அதாவது நடுவில் புள்ளி வைத்த வட்டம் மாதிரி தெரியும் அணு, தலசீமியாவிலும் வரும், ஈரல் கோளாறிலும் வரும். அரிவாள் வடிவம் என்றால் ஹீமோகுளோபின் வகைகளைப் பிரித்துக் காட்டும் 'எலக்ட்ரோஃபோரெசிஸ்' டெஸ்ட் கேளுங்கள்.

அப்புறம் 'ஷிஸ்டோசைட்', அதாவது உடைந்த துண்டுகள். கூடவே பிளேட்லெட்டும் (ரத்தம் உறைய உதவும் தட்டணு) குறைந்திருந்தால் நாளைக்குப் பார்க்கலாம் என்று இருக்காதீர்கள், அன்றைக்கே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.