ஒரு நூல், மூன்று நட்டு: ஆட்டத்தையும் சுழற்சியையும் அளந்து பார்ப்போம்

நூலில் ஒரு நட்டைக் கட்டித் தொங்கவிட்டு முன்னும் பின்னும் ஆடவிடுங்கள். 20 ஆட்டத்துக்கு எவ்வளவு நேரம் ஆகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். அதே நட்டை இப்போது வட்டமாகச் சுற்றவிட்டு 20 சுற்றுக்கு நேரம் பாருங்கள். வட்டம் சிறியதாக இருந்தால் இரண்டு நேரமும் ஒன்றாகவே வரும். பாடப்புத்தகத்தில் அலைவு ஒரு பாடத்திலும் சுழற்சி வேறொரு பாடத்திலும் இருப்பதால் இவை வேறு வேறு சங்கதிகள் என்று நினைத்துவிடுகிறோம். கையில் செய்து பார்த்தால் அந்தப் பிரிவினை நிற்காது.

தேவையானவை

- எம்16 நட்டு மூன்று (24 எண் ஸ்பேனர் பிடிக்கும் அளவு, மூன்றும் சேர்ந்து சுமார் 100 கிராம்)
- முறுக்கேறிய பருத்தி நூல், ஒன்றரை மீட்டர்
- தட்டையான சிறு மரத்துண்டு இரண்டு, அவற்றைச் சேர்த்து இறுக்க ஒரு கிளாம்ப்
- அளவு நாடா, செல்லோ டேப், டார்ச், தீப்பெட்டி
- கைபேசியில் உள்ள ஸ்டாப்வாட்ச்
- இரண்டாம் பகுதிக்குக் கெட்டி அட்டை, போர்டு பின், தீர்ந்துபோன பேனா ரீஃபில்

நைலான் நூல் வேண்டாம், அது பாரத்துக்கு இழுபடும்.

ஊசலைத் தொங்கவிடுதல்

மூன்று நட்டுகளையும் முகத்தோடு முகம் சேர்த்து அடுக்கி, வெளிப்புறம் டேப் சுற்றுங்கள். ஓட்டைகள் மூன்றும் நேர்க்கோட்டில் இருக்க வேண்டும். நூலை அந்த ஓட்டை வழியாக விட்டு, மோதிரத்தைக் கட்டித் தொங்கவிடுவதுபோல் மேலே முடிச்சிடுங்கள். இப்படிக் கட்டுவதில் ஒரு வசதி இருக்கிறது. ஓட்டையின் நடுப்புள்ளிதான் நிறை மையம். அதைத் தேடி அலைய வேண்டியதில்லை. பூட்டு, சாவிக்கொத்து போன்றவற்றைக் கட்டினால் மையம் எங்கே என்று கணிப்பதற்குள் பாதி நாள் போய்விடும்.

நூலின் மேல் நுனியைக் கம்பியில் சுற்றிக் கட்டாதீர்கள். ஆடும்போது நூல் கம்பியின் வளைவில் ஏறி இறங்கும், நீளம் ஒவ்வொரு கணமும் மாறும். இரண்டு மரத்துண்டுகளுக்கு நடுவே நூலை வைத்து, அடிப்பக்க விளிம்புகள் சமமாக இருக்கும்படி இறுக்கி, அதை ஆடாத அலமாரியின் மேல்தட்டில் கிளாம்ப் போடுங்கள். நூல் அந்த விளிம்பில் மட்டுமே வளைய வேண்டும்.

பாரத்தோடு பத்து நிமிடம் தொங்கவிட்ட பிறகு நீளம் அளக்கவும். மரத்துண்டின் கீழ் விளிம்பிலிருந்து ஓட்டையின் நடு வரை சரியாக 100 செ.மீ. இருக்கட்டும். நாடா ஓட்டையின் நடுவைத் தொடாது என்பதால் ஓட்டையின் மேல் விளிம்பு வரை அளந்து, ஓட்டை விட்டத்தில் பாதியைக் கூட்டிக்கொள்ளுங்கள்.

முதல் அளவு: முன்னும் பின்னும்

நட்டைப் பக்கவாட்டில் 9 செ.மீ. இழுங்கள். 100 செ.மீ. நூலுக்கு இது ஏறத்தாழ 5°. கையால் விட்டால் விரல் கொஞ்சம் தள்ளிவிடும்; நேராக ஆட வேண்டியது முட்டை வடிவில் திரும்பும். சுத்தமாக விட ஒரு பழைய உத்தி உண்டு. நட்டை இன்னொரு பருத்தி நூலால் நாற்காலிக் கையில் இழுத்துக் கட்டி, அசைவு அடங்கும் வரை காத்திருந்து, நட்டிலிருந்து ஒரு சாண் தள்ளி அந்த நூலைத் தீக்குச்சியால் எரித்து விடுங்கள்.

நட்டு அடிப்புள்ளியைக் கடக்கும்போது ஸ்டாப்வாட்ச்சை அழுத்தவும். ஓரத்தில் அழுத்தத் தோன்றும், ஆனால் அங்கே நட்டு நின்று யோசிப்பதுபோல் தாமதிக்கும். எந்தக் கணத்தில் திரும்பியது என்று கண்ணுக்குப் பிடிபடாது. அடிப்புள்ளியில்தான் வேகம் அதிகம், கடக்கும் கணம் தெளிவாகத் தெரியும். அழுத்தும்போது "பூஜ்யம்" என்று சொல்லுங்கள். அதே திசையில் மறுபடி கடக்கும்போது "ஒன்று". இருபதில் நிறுத்துங்கள்.

40 வினாடியை ஒட்டி வரும். 20-ஆல் வகுத்தால் அலைவு நேரம். பிறகு புவியீர்ப்பு முடுக்கத்தை (ஜி) கணக்கிடுங்கள்:

ஜி = 39.48 × நீளம் (மீட்டரில்) ÷ (அலைவு நேரம் × அலைவு நேரம்)

40.1 வினாடி வந்தால் அலைவு நேரம் 2.005, ஜி 9.82. 40.2 என்றால் 9.77. பத்தில் ஒரு வினாடிக்கே இவ்வளவு மாறுகிறது. அதனால் ஐந்து தடவை அளந்து சராசரி எடுங்கள்.

தப்பான விடைகூட எங்கே தவறியது என்று சொல்லிவிடும். ஜி 39 என்று வந்தால், போவதை ஒன்று, வருவதை ஒன்று என்று பாதி ஆட்டங்களை எண்ணியிருக்கிறீர்கள். 10.9 என்று வந்தால், பூஜ்யத்துக்குப் பதில் ஒன்றிலிருந்து தொடங்கியிருக்கிறீர்கள். 19 ஆட்டத்து நேரத்தை 20-ஆல் வகுத்ததன் பலன் அது. 9.7-ஐ ஒட்டி நின்றால், ஓட்டையின் நடுவுக்குப் பதில் நட்டின் தலை வரை அளந்திருக்கலாம், அல்லது நூல் இழுபடுவதற்கு முன்பே அளந்திருக்கலாம்.

இரண்டாம் அளவு: வட்டமாக

நூலை மரத்துண்டுக்குச் சற்றுக் கீழே இரண்டு விரலால் பிடித்து, சின்னச் சின்ன வட்டமாக அசைத்துக்கொண்டே இருங்கள். நட்டு மெல்ல மெல்ல வட்டத்தை விரிக்கும். ஆரம் 9 செ.மீ. ஆனதும் விரலை எடுத்துவிடுங்கள். தரையில் அதே அளவு வட்டம் வரைந்த தாளை விரித்து வைத்தால் கணிப்பது சுலபம். இதைக் கூம்பு ஊசல் என்பார்கள். நூல் சுற்றும்போது கூம்பு வடிவம் தெரிவதால் வந்த பெயர்.

20 சுற்றுக்கு நேரம் எடுங்கள். மறுபடியும் 40 வினாடி. வட்டம் கொஞ்சம் முட்டை வடிவமாகப் போனாலும் கவலை வேண்டாம், இந்தச் சிறிய கோணத்தில் நேரம் மாறாது.

ஏன் இப்படி? இருட்டறையில் மூன்று நான்கு மீட்டர் தள்ளி, நட்டின் உயரத்திலேயே டார்ச்சைப் படுக்கையாக வைத்துச் சுற்றும் நட்டின் நிழலைச் சுவரில் விழவையுங்கள். நிழல் சுற்றாது, இடவலமாக ஆடும். ஓரங்களில் தாமதித்து, நடுவில் விரையும். பக்கத்திலேயே அதே நீளத்தில் இன்னொரு ஊசலைக் கட்டி, சுவருக்கு இணையாகச் சரியான கணத்தில் ஆடவிட்டால் இரண்டு நிழலும் ஒன்றாகவே போய் ஒன்றாகவே வரும். முதல் முயற்சியில் கணம் தப்பும், நாலைந்து தடவையில் பிடிபட்டுவிடும். வட்டம் என்பது ஒன்றுக்கொன்று செங்குத்தான இரண்டு ஆட்டங்களின் சேர்க்கை. நிழல் அதில் ஒன்றை மட்டும் பிரித்துக் காட்டுகிறது.

இனி இந்த ஒற்றுமையை உடைத்துப் பார்க்கலாம். பக்கவாட்டில் 50 செ.மீ. இழுத்தால் சரியாக 30°. இந்தக் கோணத்தில் நேர் ஆட்டம் 10-க்குக் கணக்குப்படி 20.4 வினாடி, வட்டம் 10-க்கு 18.7 வினாடி. ஒன்று மெதுவாகிவிட்டது, மற்றொன்று வேகமாகிவிட்டது. வட்டச் சுழற்சியில் நேரத்தை முடிவு செய்வது நூலின் நீளம் அல்ல, தொங்கும் புள்ளிக்கும் வட்டத்தின் தளத்துக்கும் நடுவேயுள்ள செங்குத்து உயரம். 30° விரியும்போது அந்த உயரம் 86.6 செ.மீ.-ஆகக் குறைகிறது, அதனால் சுற்று வேகமாகிறது. காற்று உராய்வில் வட்டம் சுருங்கிக்கொண்டே வருவதால் உங்களுக்கு 18.7-ஐவிடச் சற்றுக் கூடுதலாகத்தான் வரும். அது உங்கள் தவறு அல்ல.

வேகம் கூடினால் சுழலும் குண்டு உயரும் என்ற இந்தக் குணத்தைத்தான் ஜேம்ஸ் வாட் 1788-இல் நீராவி எந்திரத்தில் பயன்படுத்தினார். எந்திரம் வேகமெடுத்தால் அதோடு சேர்ந்து சுழலும் குண்டுகள் விரிந்து உயர்ந்து, நீராவி வரும் வால்வைத் தாமே மூடும்.

அட்டைக் கிராங்க்: சுற்றை ஆட்டமாக்குதல்

நிழல் வேலையை இரும்பில் செய்வதுதான் கிராங்க். 10 செ.மீ. விட்டத்தில் அட்டை வட்டு வெட்டி, 30 செ.மீ. நீள அட்டையில் நடுப் பின்னோடு பொருத்துங்கள். மையத்திலிருந்து 3 செ.மீ. தள்ளி இன்னொரு பின். அதிலிருந்து 12 செ.மீ. நீளமுள்ள இணைப்புப் பட்டை (ஓட்டைக்கு ஓட்டை அளவு), அதன் மறுமுனையில் இரண்டு ஓரப் பட்டைகளுக்கு நடுவே சறுக்கும் ஒரு செவ்வகத் துண்டு. சறுக்குப் பாதையின் நடுக்கோடு வட்டின் மையத்துக்கு நேராக இருக்கட்டும்.

அட்டையில் நேரடியாகப் பின் குத்தினால் ஓட்டை விரைவில் பெரிதாகி லொடலொடவென்று ஆடும். ரீஃபில் குழாயை அரை செ.மீ. துண்டுகளாக நறுக்கி ஓட்டையில் புஷ் (ஓட்டை தேயாமல் காக்கும் உள்குழாய்) போலச் செருகி, அதற்குள் பின்னை விடுங்கள்.

வட்டைச் சுற்றிச் சறுக்குத் துண்டின் இரு எல்லைகளையும் கோடிடுங்கள். இடைவெளி 6 செ.மீ. இருக்க வேண்டும். குறைந்தால் எங்கோ பின்னுக்கும் புஷ்ஷுக்கும் நடுவே இடம் இருக்கிறது. இப்போது நடுக்கோடும் போடுங்கள். வட்டுப் பின்னை நேர் மேலே, அதாவது கால் சுற்றில் நிறுத்தினால் துண்டு நடுக்கோட்டில் நிற்காது. வட்டின் பக்கமாக 3.8 மி.மீ. தள்ளியே நிற்கும். பட்டை சாய்ந்திருப்பதால் அதன் கிடைமட்ட நீளம் குறைந்துவிடுகிறது. பட்டையை 6 செ.மீ.-ஆக வெட்டிப் பார்த்தால் இந்த விலகல் 8 மி.மீ.-ஆகும், அதற்குச் சறுக்குப் பாதையை வட்டின் மேலேயே தூக்கி அமைக்க வேண்டியிருக்கும். கிராங்க் தருவது ஊசலின் சுத்தமான ஆட்டம் அல்ல, அதற்கு நெருங்கிய ஒன்று என்பதை இந்தச் சில மில்லிமீட்டர் சொல்லிவிடுகிறது. பிஸ்டன் எஞ்சின்களில் சுற்று வேகத்தைப்போல் இருமடங்கில் ஓர் அதிர்வு எழுவதற்கும் இதுவே காரணம்.

டேபிள் ஃபேனின் தலை இடமும் வலமும் திரும்புவதற்கும் உள்ளே ஒரு சின்னக் கிராங்க்தான். ஓரங்களில் அது தயங்கித் திரும்புவதைப் பாருங்கள். சுவரில் கண்ட நிழலின் அதே தயக்கம்.

கடைசியாகத் தலைகீழாக முயலுங்கள்: சறுக்குத் துண்டைக் கையால் தள்ளி வட்டைச் சுற்ற வையுங்கள். மையம், பின், துண்டு மூன்றும் ஒரே கோட்டில் வரும் இரண்டு இடங்களில் எவ்வளவு தள்ளினாலும் நகராது. ஊசலின் மூன்று நட்டுகளையும் கழற்றி வட்டின் விளிம்பில் சம இடைவெளியில் ஒட்டிக் கனமாக்கினால், சுற்றும் வேகமே அந்த இடங்களைத் தாண்டவைக்கும். மிதி வைத்த தையல் மெஷினில் கீழ்ச் சக்கரம் கனமாக இருப்பது இதற்காகத்தான். நின்ற இடம் அந்தக் கோடாக அமைந்துவிட்டால் காலால் மட்டும் கிளப்ப முடியாது. கைச்சக்கரத்தைத் தையல்காரரின் பக்கமாக ஒரு தட்டுத் தட்ட வேண்டும். எதிர்ப்பக்கம் தட்டினால் மெஷின் பின்னோக்கி ஓடி, நூல் அடியில் சிக்கிக்கொள்ளும்.