விழித்தாரா, நினைவு திரும்பியதா? மலாயிலிருந்து தமிழாக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மலேசியாவில், சுங்கை சிப்புட்டில் வார இறுதியில் சில பிள்ளைகளுக்கு மலாயிலிருந்து தமிழாக்கம் செய்யச் சொல்லித் தருகிறேன். போன வாரம் ஒரு தம்பியின் தாளில் “நோயாளிக்கு இன்னும் விழிப்புணர்வு வரவில்லை” என்று இருந்தது. பார்த்ததும் பகீரென்றது. ஒற்றுப்பிழை, ழகர ளகரக் குழப்பம் எல்லாம் அகராதியைப் புரட்டினால் தீரும். இது அப்படித் தீராது.

‘செடார்’ என்ற சொல்

மலாயில் தூக்கம் கலைவதும் செடார்தான், மயக்கம் தெளிவதும் செடார்தான், ஒரு விஷயத்தை உணர்வதும் செடார்தான். தமிழில் இவை மூன்றும் வேறு வேறு. டெங்கிக் கொசு பற்றிய பிரசாரத்துக்குத்தான் விழிப்புணர்வு என்ற சொல் பொருந்தும். கட்டிலில் கிடப்பவருக்கு வேண்டியது நினைவு.

நானும் இதில் தவறியவன். பல வருடங்களுக்கு முன், தோட்டத்து லயத்தில் எங்களுக்குப் பக்கத்து வீட்டு அக்காவுக்கு அறுவை சிகிச்சை நடந்தது. “இன்னும் செடார் ஆகவில்லை” என்று தாதி மலாயில் சொன்னார். வீட்டாரிடம் “இன்னும் முழிக்கவில்லை” என்றேன். சரி, அசந்து தூங்குகிறார், தூங்கட்டும் என்று கடைசி பஸ்ஸைப் பிடித்துத் தோட்டத்துக்குத் திரும்பிவிட்டார்கள். அன்றிரவு அக்கா கண் திறந்தபோது பக்கத்தில் சொந்தம் என்று ஒருவரும் இல்லை. “மயக்கம் தெளியவில்லை” என்று சொல்லியிருந்தால் ஒருவராவது இருந்திருப்பார். இன்றும் அதை நினைத்தால் எனக்கு ஆறவில்லை. அதனால்தான் இந்தச் சொல்லில் மட்டும் பிள்ளைகளிடம் கடுமையாக இருக்கிறேன்.

மருத்துவமனைத் தாளில் இந்தச் சொல் வந்தால் பேனாவைக் கீழே வையுங்கள். நோயாளி தூங்கினாரா, மயங்கிக் கிடந்தாரா? அதைக் கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகு எழுதுங்கள்.

ஜாகா

மலாயில் ‘ஜாகா’ என்றால் விழித்திருப்பதும்தான், பார்த்துக்கொள்வதும்தான். பிள்ளையை ‘ஜாகா’ செய்யச் சொன்னால் பார்த்துக்கொள்ளச் சொல்கிறார்கள், தூங்கவிடாமல் வைத்திருக்க அல்ல.

விழிப்பதும் எழுவதும்

பால்மரம் வெட்ட, அதாவது ரப்பர் பால் எடுக்கப் போனவர்களைக் கேளுங்கள். விழித்தது நாலு மணி, பாயை விட்டு எழுந்தது நாலரை, அப்புறம்தான் பெரட்டு, அதாவது வேலைக்கு ஆள் கணக்கெடுப்பு. மலாயில் இரண்டுக்கும் ஒரே சொல் வரும். தமிழில் எது என்று பார்த்து எழுதுங்கள்.

கண் விழித்தல்

“ஐந்து மணிக்குக் கண் விழித்தார்” என்றால் தூக்கம் கலைந்தது. “ஐந்து மணி வரை கண் விழித்தார்” என்றால் தூங்கவே இல்லை. ‘க்கு’ வந்தாலே தூக்கம் கலைந்தது என்றும் முடிவு கட்டாதீர்கள்: சிவராத்திரிக்குக் கண் விழித்தவர் விடிய விடியக் கோயிலில்தான் இருந்தார்.