முதல் படத்துக்கு ஒரு நாரைக் கூடு போதும்

காட்டுயிர்ப் படம் எடுப்பதைத் தொழிலாக்க நினைக்கும் நெல்லைப் பிள்ளைகள் எடுத்த எடுப்பில் முண்டந்துறைக்குத்தான் ஓடுகிறார்கள். புலி கண்ணில் படுவதற்குள் கைக்காசு கரைந்துவிடும். நாங்குநேரிப் பக்கம் கூந்தன்குளத்துக்குப் போங்கள். மஞ்சள் மூக்கு நாரை அங்கே ஊருக்குள், வீட்டோர மரங்களிலேயே கூடு கட்டுகிறது. அடைகாக்க ஏறத்தாழ ஒரு மாதம், குஞ்சு பறக்க இரண்டு மாதம். ஒரே கூட்டை விடாமல் பிடித்தால் முழுக்கதையும் கையில்.

அங்குள்ள பறவைகள் சரணாலயத்துக்குள் படமெடுக்க, 1972 வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 28ஆம் பிரிவின்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி தேவை. ஊர் மாடியிலிருந்து எடுப்பதானாலும் வனத்துறையிடமும் வீட்டுக்காரரிடமும் கேட்டுவிட்டே முக்காலியை விரியுங்கள். பறவைக்காகத் தீபாவளி வெடியையே விட்டுக்கொடுத்த ஊர் அது.

கூடு கண்மட்டத்தில் தெரியும் மாடியாகப் பாருங்கள். தாய்ப்பறவை கழுத்தை நீட்டி விறைத்து நின்றால் நெருங்கிவிட்டீர்கள், உடனே பின்வாங்குங்கள். அது பறந்துபோனால் முட்டை காக்கைக்கு, குஞ்சு வெயிலுக்கு.

நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி. நம்மூர் வெயிலுக்கு இந்த ஷட்டரில் படம் வெளுத்துப்போகும். அதற்காக ஷட்டரைக் கூட்டினால் சிறகடிப்பு வெட்டி வெட்டித் தெரியும். லென்ஸுக்கு முன்னால் வெளிச்சத்தைக் குறைக்கும் ஆறு ஸ்டாப் என்.டி. ஃபில்டர் மாட்டுங்கள். சுழற்றி அளவை மாற்றும் வகை வேண்டாம். நீள லென்ஸில் கூர்மையைக் கெடுக்கும். இறங்கும் பறவையை மெதுவாகக் காட்ட நொடிக்கு 100 ஃப்ரேம், ஷட்டர் 1/200. இலை குறுக்கே ஆடினால் ஆட்டோஃபோகஸ் இலைக்குத் தாவும். கூட்டுக்குக் கையால் ஃபோகஸ் வைத்துப் பூட்டிவிடுங்கள்.

உச்சிவெயிலில் நாரை சிறகை விரித்துக் குஞ்சுகளுக்கு நிழல் பிடிக்கும். படத்தின் உயிரே அந்தக் காட்சிதான். ஆனால் அந்நேரம் கானல் ஆடும். குளத்துக்கு அக்கரையிலிருந்து 600 மி.மீ. லென்ஸில் இழுத்தால் இறகெல்லாம் கூழாகிவிடும். பக்கத்து மாடியிலிருந்து, மாடிப்படி அறை நிழலில் நின்று, 300 மி.மீ.க்குள் எடுங்கள். சுடும் தளத்தை ஒட்டிக் கேமராவை வைக்காதீர்கள், அங்கேயும் கானல்தான். ஒவ்வொரு ஷாட்டும் 20 நொடி அசையாமல் நிற்கட்டும். அலகு, கால், இரை கக்கும் கணம், கீழே தெருவில் போகும் ஆள் என்று தனித்தனியாக எடுத்து வைக்காவிட்டால் எடிட்டிங்கில் ஒட்ட எதுவும் இருக்காது.

ஒலியைத் தனி ரெக்கார்டரில், மைக்குக்கு மயிர்க்கவசம் போட்டு எடுங்கள். வைகாசி பிறந்தால் தென்மேற்குக் காற்று மற்றதையெல்லாம் விழுங்கிவிடும். வளர்ந்த நாரை பெரும்பாலும் வாய் திறக்காது. குஞ்சுச் சத்தத்தையும் அலகு தட்டும் சத்தத்தையும் விடாதீர்கள்.

அன்றைய கோப்புகள் அன்றிரவே இரண்டு டிஸ்க்குகளில் ஏற வேண்டும். சீசன் முடிந்ததும் ஐந்து நிமிடமாக வெட்டி, உதவி ஒளிப்பதிவாளர் வேலை கேட்கும் கடிதத்தோடு காட்டுயிர்ப் படம் எடுப்பவர்களுக்கு அனுப்புங்கள். அழகான துண்டுகளை ஒரு பாட்டுக்கு ஏற்பக் கோத்து அனுப்பாதீர்கள். ஒரு கூட்டோடு மூன்று மாதம் பொறுமையாக இருந்தீர்களா என்பதைத்தான் அவர்கள் தேடுவார்கள்.