காக்கி ஃபுரை நமுத்துப் போகாமல் இருக்க

காக்கி ஃபுரை, அதாவது ஜப்பானிய முறையில் பாங்கோ என்னும் ரொட்டித் தூள் தடவிப் பொரிக்கும் ஆளிச் சிப்பி, எனக்குத் தட்டுக்கு வருமுன்பே நமுத்துவிடும். குறை எண்ணெயில் இல்லை, சிப்பியின் ஈரத்தில். இப்போது ஓடு நீக்கிய 12 சிப்பிக்கு 1 மேசைக்கரண்டி சோளமாவும் (கார்ன்ஃப்ளார்) அரைத் தேக்கரண்டி உப்பும் போட்டு மெல்லப் பிசறுகிறேன். மாவு சாம்பல் நிறமாகி அழுக்கை இழுத்துக்கொள்ளும். குளிர்ந்த உப்புநீரில் அலசி, துணியில் ஒற்ற வேண்டும். சிப்பியின் மடிப்புக்குள்ளே ஒளிந்திருக்கும் நீர்தான் எண்ணெயில் வெடிப்பது.

பிறகு மைதா, முட்டை, பாங்கோ என்ற வரிசையில் தோய்க்க வேண்டும். மிகுதி மைதாவை உதறிவிடுங்கள், தடித்தால் மேலோடு கழன்றுவிடும். 190 டிகிரி செல்சியஸ் எண்ணெயில் நான்கு நான்காக 3 நிமிடம். கம்பித்தட்டில் வடியவிடவும்; காகிதத்தில் கிடத்தினால் அடிப்பக்கம் ஆவியில் ஊறும்.

தொட்டுக்கொள்ள டார்ட்டர் சாஸ்: மயோனைஸ் 4 மேசைக்கரண்டி, மசித்த அவித்த முட்டை 1, எலுமிச்சைச் சாறு, பொடியாக நறுக்கிய வெங்காயம் 2 மேசைக்கரண்டி. வெங்காயத்தை உப்பிட்டுப் பிழியாவிட்டால் சாஸ் நீர்த்துவிடும்.